ஈப்போவிலிருந்து பெலும் வரை: சாலை சொல்லும் கதையைத் தமிழில் கேட்பது எப்போது?

கடந்த பள்ளி விடுமுறையில் பாட்டியையும் மாமா குடும்பத்தையும் ஏற்றிக்கொண்டு ஈப்போவிலிருந்து பண்டிங் ஏரிக்குக் காடியில் போனோம். கெரிக் பட்டணத்தைத் தாண்டியதும் இரு பக்கமும் காடு சூழ்ந்தது. சிறிது தூரத்தில் கைப்பேசியில் இணையத் தொடர்பும் அறுந்தது. பின்னிருக்கையில் இருந்த பாட்டி கேள்விகளை அடுக்கினார். "அது என்னா மரம்? இந்த ரோட்ட யாரு போட்டா? யானை படம் வெச்சிருக்காங்களே, நெசமாவே வருமா?"

காடியில் பட்டதாரிகள் மூன்று பேர் இருந்தோம். ஒருவருக்கும் பதில் தெரியவில்லை.

அதே பாட்டிதான் காலையில் சுங்கை சிப்புட்டைக் கடந்தபோது வாய் ஓயாமல் பேசினார். செம்பனை மரங்களுக்கு நடுவே ஓரிடத்தைக் காட்டி, அங்கேதான் லயம் இருந்தது என்றார். விடியுமுன் பெரட்டுக்குப் போனது, மழை பிடித்தால் பாலெல்லாம் வீணானது, கோயில் மணியைத் தோட்டம் கைமாறியபோது யாரோ கொண்டுபோனது என்று கதை நீண்டது. நாங்கள் கேட்டுக்கொண்டே வந்தோம். யாரும் பதிவு செய்யவில்லை.

ஒரே பயணத்தில் இரண்டு இழப்புகள். காட்டைப் பற்றி அறிய ஆசைப்பட்டவருக்கு அவர் மொழியில் சொல்ல ஆளில்லை. அவர் சொன்னதைப் பிடித்து வைக்கவும் ஆளில்லை. இரண்டையும் சேர்த்துத் தீர்க்கக்கூடிய எளிய வழி ஒன்று உலகில் இருக்கிறது. நம் சமூகம் அதை இன்னும் கையில் எடுக்கவில்லை.

காடி ஓடும்போதே பேசும் வழிகாட்டி

அமெரிக்கத் தேசியப் பூங்காக்களுக்குப் போகிறவர்களில் பலர் சொந்தக் காடியிலோ வாடகைக் காடியிலோதான் சுற்றிப் பார்க்கிறார்கள். வழிகாட்டியைக் கூலிக்கு அமர்த்துவதில்லை. புறப்படுமுன் வீட்டிலேயே ஒரு செயலியைப் பதிவிறக்கிக்கொள்கிறார்கள். காடி குறிப்பிட்ட வளைவையோ பாலத்தையோ நெருங்கும்போது, அந்த இடத்துக்கான விளக்கம் தானாகவே ஒலிக்கிறது. திறன்பேசி தன் இருப்பிடத்தைத் துணைக்கோளிடமிருந்து அறிந்துகொள்வதால் இணையத் தொடர்பு தேவையில்லை. ஒரு கைப்பேசியில் ஒலித்தால் காடியில் உள்ள அனைவரும் கேட்கலாம். அமெரிக்கத் தேசியப் பூங்கா சேவை 2021-இல் இலவசச் செயலியொன்றை வெளியிட்டது. அதையும் இணையமில்லாத இடங்களில் பயன்படுத்த முடியும்.

இந்த முறை நமக்கு ஏன் முக்கியம் என்பதைக் காட்ட ஓர் இடம் போதும். கிரேட் ஸ்மோக்கி மலைத் தேசியப் பூங்கா 1934-இல் அமைக்கப்பட்டது. இன்று ஆண்டுக்கு 1 கோடிக்கும் அதிகமான வருகைகளைப் பெறும் பூங்கா அது. அதனுள் கேட்ஸ் கோவ் என்ற பள்ளத்தாக்கைச் சுற்றி ஏறக்குறைய 18 கிலோமீட்டர் ஒருவழிச் சாலை போகிறது. அங்கே முன்பு விவசாயக் குடும்பங்கள் வாழ்ந்தன. பூங்கா வந்தபோது அவர்கள் நிலத்தை விட்டு வெளியேற வேண்டியிருந்தது. ஆனால் அவர்களின் மரவீடுகளும் தேவாலயங்களும் கல்லறைகளும் சாலையோரம் பாதுகாக்கப்படுகின்றன. அங்கே போகிறவர் கரடியையும் மானையும் பார்ப்பதோடு, யார் இங்கே உழுதார்கள், ஏன் போனார்கள் என்பதையும் கேட்டுவிட்டே திரும்புகிறார்.

நம் தோட்டங்களுக்கு அது நடக்கவில்லை. லயங்கள் இடிந்தன, பெயர்ப்பலகைகள் போயின, ரப்பர் இருந்த இடத்தில் செம்பனையோ வீடமைப்புப் பகுதியோ வந்தது. கட்டடங்களைத் திரும்பக் கொண்டுவர முடியாது. கதையைக் காப்பாற்ற இன்னும் கொஞ்சம் காலம் இருக்கிறது.

200 கிலோமீட்டரில் ஒரு வரலாறு

ஈப்போவிலிருந்து பழைய சாலை வழியாகச் சுங்கை சிப்புட், கோலகங்சார், லெங்கோங், கெரிக், பண்டிங் ஏரி என்று போனால் ஏறத்தாழ 200 கிலோமீட்டர். இந்தச் சாலைக்கு ஒரு தமிழ் ஒலி வழிகாட்டி இருந்தால் என்ன சொல்லும்?

சுங்கை சிப்புட்டில் 1948 ஜூன் 16-ஆம் நாளைச் சொல்லும். அன்று அவ்வட்டாரத் தோட்டங்களில் மூன்று ஐரோப்பிய நிர்வாகிகள் சுட்டுக் கொல்லப்பட்டனர். அதையடுத்து அவசரகாலம் அறிவிக்கப்பட்டது. தோட்ட மக்களில் பலர் வேலிக்குள் வாழ நேர்ந்தது. அதே ஊரில் பிறந்த துன் வீ.தி. சம்பந்தன், தோட்டத் துண்டாடலுக்கு எதிராக 1960-இல் தேசிய நில நிதிக் கூட்டுறவுச் சங்கத்தைத் தொடங்கிய கதையையும் சொல்லும்.

கோலகங்சாரில் மாவட்ட அலுவலகம் அருகே வேலியிட்டுக் காக்கப்படும் ஒரு முதிய ரப்பர் மரத்தின் முன் காடியை நிறுத்தச் சொல்லும். 1877-இல் அவ்வூருக்கு வந்த ஒன்பது கன்றுகளில் ஒன்று அது என்று கருதப்படுகிறது. நம் பாட்டன் பூட்டன்களில் பெரும்பாலோர் இந்நாட்டுக்குக் கப்பலேறியதற்குக் காரணமான பயிர் அதுதான். அந்த வழியாகப் பலமுறை போய்வந்த தமிழர்களில் எத்தனை பேர் அதைப் பார்த்திருக்கிறோம்?

லெங்கோங் பள்ளத்தாக்கில் ஏறத்தாழ 11,000 ஆண்டுகளுக்கு முன் புதைக்கப்பட்ட 'பேராக் மனிதன்' எலும்புக்கூட்டைப் பற்றிச் சொல்லும். 2012-இல் அந்தப் பள்ளத்தாக்கு யுனெஸ்கோவின் உலக மரபுரிமைப் பட்டியலில் இடம்பெற்றது.

கெரிக்கைத் தாண்டியதும் கிழக்கு மேற்கு நெடுஞ்சாலை. 1970-இல் தொடங்கிய கட்டுமானம் 1982-இல்தான் முடிந்தது. காட்டில் கம்யூனிஸ்டுகளின் அச்சுறுத்தல் இருந்ததால் இராணுவக் காவலுடன் போட்ட சாலை இது. மலாயா கம்யூனிஸ்டு கட்சியுடன் அமைதி உடன்படிக்கை கையெழுத்தானது 1989 டிசம்பர் 2-ஆம் நாள். காலையில் சுங்கை சிப்புட்டில் கேட்ட கதையின் முடிவுப் பகுதி மதியம் இந்தச் சாலையில் வருகிறது. 41 ஆண்டு வரலாற்றை ஒரு பகல் பயணத்தில் கேட்டுவிடலாம்.

பிறகு காடு. நெடுஞ்சாலைக்கு வடக்கே 117,500 ஹெக்டர் பரப்பில் அரச பெலும் மாநிலப் பூங்கா, தெற்கே தெமெங்கோர் காடு. மலேசியாவில் காணப்படும் பத்து வகை இருவாச்சிப் பறவைகளும் இங்கே உண்டு. தீபகற்பக் காடுகளில் 150-க்கும் குறைவாகவே எஞ்சியிருப்பதாகக் கணிக்கப்பட்ட மலாயாப் புலிக்கும் இது புகலிடம். பூங்காவுக்குள் போக அனுமதி வாங்கிப் படகேற வேண்டும். அந்தச் செலவுக்கு வழியில்லாத குடும்பத்துக்கும், சாலையிலிருந்து பார்ப்பதே ஒரு பாடமாகும், சொல்லித்தர ஒரு குரல் இருந்தால்.

யானைக்கும் நமக்கும் நடுவில்

இதில் பாதுகாப்பும் அடங்கியிருக்கிறது. 2025 மே 11-ஆம் நாள் இந்த நெடுஞ்சாலையில் லாரி மோதி ஒரு யானைக்குட்டி இறந்தது. குட்டி சிக்கிய லாரியைத் தாய் யானை தலையால் முட்டித் தள்ளிய காட்சியை நாடே பார்த்துக் கலங்கியது. ஒரு மாதம்கூட ஆகவில்லை. ஜூன் 9-ஆம் நாள் நள்ளிரவுக்குப் பின் இதே சாலையில் பேருந்து விபத்தில் 15 பல்கலைக்கழக மாணவர்கள் உயிரிழந்தனர்.

ஒலி வழிகாட்டி இருந்திருந்தால் இவை நடந்திருக்காது என்று சொல்வது பொறுப்பற்ற பேச்சு. கனரக வாகனக் கட்டுப்பாடு, சாலை விளக்கு, அமலாக்கம் எல்லாம் அரசின் கடமை. ஆனால் அறிவிப்புப் பலகை யானைப் படத்தைக் காட்டுவதோடு நின்றுவிடுகிறது. சாலையோரத்தில் வெயில் படும் இடத்தில் தழைக்கும் புல்லைத் தேடி யானை வருகிறது, பெரும்பாலும் இரவில்தான் சாலையைக் கடக்கிறது, ஆகவே இருட்டுமுன் இந்தப் பகுதியைத் தாண்டிவிடுங்கள், யானையைக் கண்டால் விளக்கடித்து ஒலியெழுப்பாமல் தள்ளி நில்லுங்கள் என்று ஒரு குரல் சரியான இடத்தில் சொன்னால், ஓட்டுநரின் கால் தானாகவே வேகத்தைக் குறைக்கும். கதை கேட்டுக்கொண்டு போகிறவர் அவசரமாகப் போவதில்லை.

ஒரே நிபந்தனை. கைப்பேசியை இயக்குவது பக்கத்தில் இருப்பவரின் வேலை. ஓட்டுநர் அதைத் தொடக்கூடாது.

தமிழில் எதற்கு?

"நம் பிள்ளைகளுக்குத்தான் மலாயும் ஆங்கிலமும் தெரியுமே, தமிழில் எதற்கு?" இந்தக் கேள்வி கட்டாயம் வரும். நியாயமான கேள்விதான். பிள்ளைகளுக்குப் புரியும். பின்னிருக்கையில் இருக்கும் பாட்டிக்கும் தாத்தாவுக்கும் புரிய வேண்டாமா? காடியில் மூன்று தலைமுறை சேர்ந்து உட்கார்வதே ஆண்டுக்கு ஓரிரு முறைதான். அந்தச் சில மணி நேரத்தில் எல்லாரும் ஒன்றாகக் கேட்டு, ஒன்றாகப் பேசக்கூடிய மொழி நமக்குத் தமிழ்தான்.

இன்னொரு காரணமும் உண்டு. வழிகாட்டியை எழுதுகிறவர்தான் எந்த இடத்தில் பேச வேண்டும், எந்த இடத்தை அமைதியாகக் கடக்க வேண்டும் என்று முடிவு செய்கிறார். மலேசியா வருகை ஆண்டு 2026-க்கு வீரா, மஞ்சா என்ற இரண்டு மலாயாக் கரடிகளைச் சின்னமாக வைத்திருக்கிறோம். காட்டைக் காட்டித்தான் உலகை அழைக்கிறோம். அந்தக் காட்டுக்குப் போகும் வழியில் இருக்கும் தோட்ட வரலாற்றை வேறொருவர் நமக்காக எழுதிவைப்பார் என்று காத்திருப்பதில் பயனில்லை.

அதே நியாயம் நமக்கும் பொருந்தும். பெலும் காடு ஜஹாய், தெமியார் பூர்வகுடி மக்களின் வாழ்விடம். தெமெங்கோர் அணை கட்டப்பட்டபோது இடம் பெயர்க்கப்பட்டவர்கள் அவர்கள். லயத்தை இழந்த நமக்கு அந்த வலி புரியாததல்ல. அவர்களின் பகுதியை அவர்களே சொல்லட்டும், நாம் தமிழில் பெயர்த்துக் கொடுப்போம். அவர்களைக் கேட்காமல் அவர்கள் கதையைச் சொன்னால், நமக்கு நடந்ததையே நாம் அவர்களுக்குச் செய்கிறோம்.

எங்கிருந்து தொடங்குவது?

பெரிய நிதி வரும்வரை காத்திருக்கத் தேவையில்லை. 20 இடங்கள், இடத்துக்கு இரண்டு நிமிடம் என்று கணக்கிட்டால் மொத்தம் 40 நிமிட ஒலிப்பதிவுதான். கைப்பேசியும் சிறிய ஒலிவாங்கியும் போதும். துணைக்கோளுடன் இணைத்துத் தானாக ஒலிக்கச் செய்வது அடுத்த கட்டம். முதல் கட்டத்தில் பதிவுகளுக்கு எண் இட்டு, எந்த இடத்தில் எதைக் கேட்பது என்ற பட்டியலோடு வாட்ஸ்அப்பில் அனுப்பினாலே பாதி வேலை முடிந்தது.

யார் செய்வது? நாட்டில் 520-க்கும் மேற்பட்ட தமிழ்ப்பள்ளிகள் இருக்கின்றன. பல பள்ளிகள் தோட்டத்தில் பிறந்தவை. ஒரு பள்ளியின் பெற்றோர் ஆசிரியர் சங்கம் தன் வட்டாரத்தின் ஐந்து இடங்களைப் பொறுப்பேற்கலாம். பல்கலைக்கழகங்களில் தமிழ் படிக்கும் மாணவர்கள் இறுதியாண்டு ஆய்வாக இதைச் செய்யலாம். நானும் தமிழ் படித்தவள். சங்க இலக்கியத்தின் ஐந்திணையை வரிசையாக ஒப்பித்துத் தேர்வெழுதிய எனக்கு, என் மாநிலத்துக் காட்டில் நிற்கும் துவாலாங் மரத்தை அடையாளம் காட்டத் தெரியவில்லை. அந்த வெட்கத்தில்தான் இதை எழுதுகிறேன்.

ஓர் எச்சரிக்கையும் வேண்டும். பெரியவர்களின் நினைவு தவறலாம், ஆண்டுகள் மாறலாம். ஆகவே ஆண்டு, எண், பெயர் ஆகியவற்றைச் சரிபார்த்து ஒரு வாசிப்பாளர் சொல்லட்டும். வாழ்ந்த அனுபவத்தைப் பெரியவர் தம் குரலில் சொல்லட்டும். இரண்டையும் குழப்பாமல் வைத்தால், கேட்பவருக்கு எது பதிவு, எது நினைவு என்பது தெரியும். மாநிலப் பூங்கா நிர்வாகமும் பெர்ஹிலித்தானும் வனவிலங்குப் பகுதியைச் சரிபார்த்துத் தந்தால், நம்பகத்தன்மை இன்னும் கூடும். இந்திய சமூகத்துக்கான மானியங்களைக் கையாளும் தரப்புகள் இதற்குச் சிறு தொகை ஒதுக்குவதும் கடினமில்லை.

எல்லாவற்றையும்விட அவசரம் பெரியவர்களின் குரல்தான். காடு நாளையும் இருக்கும், இருக்க வைக்க வேண்டும். நெடுஞ்சாலையும் இருக்கும். பால்மரம் வெட்டியவர்களின் தலைமுறை நாளுக்கு நாள் குறைந்துகொண்டே வருகிறது.

அடுத்த பள்ளி விடுமுறையில் அதே சாலையில் மறுபடியும் போகிறோம். பாட்டியிடம் சொல்லிவிட்டேன். இந்த முறை அவருக்குப் பின்னிருக்கை இல்லை, முன்னிருக்கை. சுங்கை சிப்புட்டை நெருங்கும்போது என் கைப்பேசி பதிவு செய்யத் தொடங்கியிருக்கும். உங்கள் வீட்டிலும் இப்படி ஒருவர் இருந்தால், அந்த விடுமுறை வரைகூடக் காத்திருக்காதீர்கள்.