மறதி மழை

மழை பெய்ததும் மனிதருடைய ஞாபகம் கரைந்துபோகும் தேசம் ஒன்றைப் பற்றி யாரேனும் கதை எழுதினால், வெறும் கற்பனை என்று சொல்லி நாம் புன்னகை புரிவோம். சேலம் ஜில்லாவில் அது கற்பனையன்று. செவ்வாய்ப்பேட்டையின் சந்துகளில் கோடை முழுவதும் குடங்களை வரிசையாக வைத்துக்கொண்டு குழாயையும் லாரியையும் எதிர்பார்த்து நின்ற ஜனங்கள், முதல் மழை பெய்து மண்வாசனை எழுந்த மறுநாளே அந்த வரிசையை மறந்துவிடுகிறார்கள். ஜனங்களை மாத்திரம் குறை கூறுவது நியாயமாகாது. அதிகாரிகளின் மறதி இன்னும் துரிதமானது. அவர்களுக்கு மழை பெய்யவேண்டும் என்பதுகூட இல்லை; மேகம் கண்டாலே போதும்.

இதற்குக் கண்கண்ட சாட்சி ஒன்று இந்த ஜில்லாவிலேயே நிற்கிறது. 1925-இல் தொடங்கி 1934-இல் முடிவடைந்த மேட்டூர் அணையின் பொருட்டுக் காவிரிக் கரைக் கிராமங்கள் பல நீரில் ஆழ்ந்தன. குடியானவர்கள் தட்டுமுட்டுச் சாமான்களைச் சுமந்துகொண்டு மேட்டு நிலங்களுக்குக் குடிபெயர்ந்தார்கள். பெயர்த்தெடுக்க முடியாதவை அங்கேயே தங்கின. பண்ணவாடியில் ஜலகண்டேசுவரர் கோயில் நந்தியும், கிறிஸ்தவர்களின் பழைய ஆலயக் கோபுரமும் அவ்வாறு தங்கியவை. நீர் நிறைந்த காலத்தில் அவை அங்கு இருப்பதாகவே ஒருவருக்கும் தோன்றாது. பருவமழை பொய்த்து மட்டம் இறங்க இறங்க, கோபுரம் தலை நீட்டும், நந்தியும் வெளிப்படும். பத்திரிகைகளில் படங்கள் வரும். பாட்டன் உழுத வயல் எங்கே இருந்தது என்று கிழவர்கள் கை நீட்டிக் காட்டுவார்கள். ஏரிகளைத் தூர் வாரவேண்டும் என்று மேடைகளில் பிரசங்கம் நடக்கும். பிறகு கர்நாடகத்தில் மழை கொட்டும், நந்தி முழுகும், பிரசங்கமும் கூடவே முழுகும்.

சென்ற சில ஆண்டுகளின் கதையையே பாருங்கள். 2023-ஆம் ஆண்டு தென்மேற்குப் பருவமழை ஏமாற்றிற்று. அவ்வாண்டு அக்டோபரிலேயே மேட்டூரிலிருந்து டெல்டாப் பாசனத்துக்கு நீர் விடுவது நின்றது. 2024 ஜூலை முடிவதற்குள் அணை தன் முழு உயரமாகிய 120 அடியை எட்டி, உபரி நீர் கொள்ளிடம் வழியே கடலுக்குப் போயிற்று. அணையின் அடியில் பல ஆண்டுகளாகப் படிந்திருக்கும் வண்டலைப் பற்றி அதன்பின் பேசுவார் யார்? அணை கட்டி 83 ஆண்டுகள் சென்ற பின்னர், 2017-இல்தான் அங்கே முதன்முறையாக வண்டல் எடுக்கத் தொடங்கினார்கள் என்பது நம்முடைய ஞாபக சக்திக்கு ஓர் அளவுகோல்.

இந்த மறதியின் விலை என்ன என்பதை அறிய வேண்டுமானால் தாது வருஷத்துக்குப் போகவேண்டும். 1876-இல் மழை தவறியது. 1877-லும் நிலைமை சீர்படவில்லை. 1871-ஆம் வருஷத்து ஜனக் கணக்கில் சேலம் ஜில்லாவில் சுமார் 19 லட்சத்து 67 ஆயிரம் பேர் இருந்தனர். 1881-இல் எண்ணியபோது இருந்தவர் சுமார் 16 லட்சம். பத்தாண்டில் பெருகியிருக்க வேண்டிய ஒரு ஜில்லாவில் மூன்றரை லட்சம் பேருக்கு மேல் காணவில்லை! மாண்டவர், ஊரை விட்டு ஓடினவர், பிறவாமலே போனவர் ஆகிய எல்லோரும் அந்த வித்தியாசத்துக்குள் அடக்கம். பழைய தொகையை ஏறக்குறைய மறுபடி எட்டுவதற்கு 1891 வரை காத்திருக்க நேர்ந்தது.

அப்போது தானியமே இல்லை என்று சொல்ல முடியுமா? ரயில் அதற்கு முன்பே சேலத்துக்கு வந்துவிட்டது. பணம் உள்ள இடத்துக்குத் தானியம் ரயிலேறிப் போகும். பணமில்லாதவன் வாசலில் அது நிற்காது. டில்லியில் 1877 ஜனவரி முதல் தேதி லிட்டன் பிரபு ராஜசூயம் போல் தர்பார் நடத்திக்கொண்டிருந்தார். அதே மாதத்தில், சிக்கனம் பார்க்க அனுப்பப்பட்ட ஸர் ரிச்சர்ட் டெம்பிள், கல்லுடைக்கும் பஞ்சக் கூலிக்கு நாளொன்றுக்கு ஒரு ராத்தல் தானியமும் சில்லறைக் காசும் போதும் என்று உத்தரவு செய்தார். சென்னையின் சுகாதார அதிகாரி கார்னிஷ் என்ற வெள்ளையரே இதை எதிர்த்து வாதாடினார் என்பதையும் சொல்லிவிடுவதுதான் நியாயம். 1880-இல் பஞ்சக் கமிஷன் அறிக்கை வந்தது. அதன் பின் பஞ்ச விதிகள் வகுக்கப்பட்டன. சாமானியருக்குப் பஞ்சக் கும்மிகள் மிஞ்சின. இன்று அவற்றைப் பாடுவோரும் அருகிவிட்டனர்.

வானிலையை ஆராய ஓர் இலாகாவை இந்தியா சர்க்கார் ஏற்படுத்தியது 1875-இல் என்பதை நினைத்தால் வேடிக்கையாக இருக்கிறது. இலாகா பிறந்த மறு வருஷமே பஞ்சமும் பிறந்தது! அந்தப் பஞ்சத்துக்குப் பசிபிக் சமுத்திரத்தின் நீர் வழக்கத்துக்கு மேல் சூடேறியதும் ஒரு காரணம் என்று இன்று சாஸ்திரிகள் கூறுகிறார்கள். எல் நினோ என்பது அதன் பெயர். இந்த வானிலை இலாகாவின் தலைவராயிருந்த கில்பர்ட் வாக்கர், சமுத்திரங்களுக்கிடையே காற்றழுத்தம் ஊசலாடுவதைக் கண்டு சொன்னார். ஆகவே மழை தவறும் என்பதை ஓரளவு முன்னரே அறியும் வித்தை நம்மிடம் இருக்கிறது. சென்ற தடவை தவறியபோது என்ன பட்டோம் என்பதை அறியும் வித்தைதான் இல்லை.

செவ்வாய்ப்பேட்டைக்குத் திரும்புவோம். சேர்வராயன் மலையில் பிறந்து, சேலம் நகரின் நடுவே ஓடி, நாமக்கல் பக்கத்தில் காவிரியைச் சேரும் திருமணிமுத்தாறு, வறண்ட காலத்தில் சாக்கடை. மழைக் காலத்தில் யமன். 2024 டிசம்பர் தொடக்கத்தில் பெஞ்சல் புயலின் மிச்சம் ஏர்க்காட்டின் மீது கொட்டியபோது, தாழ்ந்த தெருக்களில் வெள்ளம் புகுந்த பின்னரே இதுவும் ஓர் ஆறு என்பது பலருக்கு நினைவு வந்தது. நகருக்குக் குடிநீர் கொடுப்பதற்கென்று 1911-இல் அமைந்த பனமரத்துப்பட்டி ஏரியில் சீமைக் கருவேலம் காடாய் மண்டியது. காவிரி நீர் குழாயில் வந்ததும் ஏரி எதற்கு என்று தோன்றிவிட்டது போலும்! மூக்கனேரியை நகரத்தார் சிலர் முயன்று தூர் வாரிக் காட்டியிராவிட்டால், இவ்வூரில் ஏரி என்றால் வீட்டுமனை என்றே குழந்தைகள் பொருள் கொள்வார்கள்.

அன்று ஆண்டவர் அந்நியர். பழியைச் சுமத்த அவர்கள் இருந்தார்கள். இன்று நகரை ஆள்வோர் நாமே வாக்களித்து அனுப்பியவர்கள். எனவே மறதியும் நமது சொந்தச் சொத்து.

ஐரோப்பாவில் எல்பே நதிப் படுகையில் பசிக் கற்கள் என்று சில பாறைகள் உண்டு. நதி வற்றிய ஆண்டுகளை அவற்றில் முன்னோர் செதுக்கி வைத்தனர். ஒன்றில் 1616 என்ற ஆண்டு இன்றும் தெரிகிறது. நீர் வற்றும்போது மாத்திரமே அவை தென்படும். 2018-லும் 2022-லும் அவ்வாறு தென்பட்டன. நமக்கு நந்தி இருக்கிறார், எழுத்து இல்லை. நீர் அடுத்த முறை இறங்கும்போது பண்ணவாடியில் ஒரு கல்லும், ஜில்லாவின் தானிய விலை பேசப்படும் லீ பஜார் முகப்பில் ஒரு கல்லும் நாட்டி, 1871, 1881 ஜனக் கணக்குகளைத் தமிழில் பொறிக்க வேண்டுமென்று நாம் கோருகிறோம். அதனடியில் ஒவ்வொரு மே மாதமும் நகரத்து ஏரிகளில் இருக்கும் நீரளவையும், அவ்வருஷம் தூர் வாரச் செலவிட்ட தொகையையும் மாநகராட்சியார் எழுதி வரட்டும். தொகை பூஜ்யமானால் பூஜ்யத்தையே எழுதட்டும். மன்றத்து அங்கத்தினர் எவரேனும் இதைப் பிரேரணையாகக் கொண்டுவருவாரானால் மகிழ்ச்சியடைவோம். மழைக்கு முன் கொண்டுவருவது உசிதம்.