ஊகம் வேண்டாம், அளவீடு வேண்டும்!

செல்பேசி திடீரென்று இயங்காமல் நின்றுவிட்டால், "போர்டு போய்விட்டது, புதிது வாங்குங்கள்" என்ற தீர்ப்பைக் கேட்டுத் திரும்புவோர் நம்மிடையே பலர். அளந்து பார்க்காமல் வழங்கிய தீர்ப்பாயின் அதை எவ்வாறு ஏற்பது?

செல்பேசியின் மின்சுற்றுப் பலகையில், மேற்பூச்சு இல்லாத சிறு உலோக வட்டங்கள் ஆங்காங்கே காணப்படும். இவையே சோதனைப் புள்ளிகள். தொழிற்சாலையில் ஊசிமுனைகளை இவற்றின்மேல் அழுத்திப் பலகையைச் சோதிக்கின்றனர். மருத்துவருக்கு நாடி எவ்வாறோ, பழுது பார்ப்பவருக்கு இவை அவ்வாறு. எந்தப் புள்ளி எந்தத் தடத்தைச் சேர்ந்தது என்பதைப் பலகையின் வரைபடம் காட்டும்.

மல்ட்டிமீட்டரின் கறுப்பு முனையை உலோகக் கவசத்தில் வைத்து, சிவப்பு முனையால் புள்ளியைத் தொட வேண்டும். சாதாரண சார்ஜரின் தடத்தில் 5 வோல்ட்டும், மின்கலத் தடத்தில் 4 வோல்ட்டை ஒட்டியும் காட்டும். தடத்தில் குறுக்கிணைப்பு உண்டா என்றறிய, முதலில் மின்கலத்தைக் கழற்றிவிட்டு, டயோடு நிலையில் சிவப்பு முனையைக் கவசத்திலும் கறுப்பு முனையைப் புள்ளியிலும் வைக்க வேண்டும். சுழியம் காட்டினால் அத்தடம் தரையோடு ஒட்டிவிட்டது என ஐயுறலாம். அதே மாதிரியான நல்ல பலகையோடு ஒப்பிட்டால் ஐயம் தீரும்.

இதில் ஆபத்தும் உண்டு. மின்சாரம் உள்ளபோது முனை சற்றே வழுக்கி அடுத்த புள்ளியைத் தொட்டாலும் நல்ல பலகை பாழாகிவிடும். எனவே நுனி மட்டும் வெளித்தெரியும்படி உறையிட்ட மெல்லிய முனை தேவை. கம்பியை ஆம்பியர் துளையில் செருகியபடி மின்னழுத்தம் அளப்பது, இரு முனைகளையும் வெறுங்கம்பியால் இணைப்பதற்குச் சமம்!

வோல்ட்மீட்டர் பக்க இணைப்பில், அம்மீட்டர் தொடரிணைப்பில் என்று இயற்பியல் ஆய்வுக்கூடத்தில் நாம் படிப்பது இதைத்தானே? "இது தொழிற்பயிற்சி நிலையத்தின் வேலை, கலைக் கல்லூரிக்கு எதற்கு?" எனச் சிலர் வினவலாம். பதிவேட்டில் மட்டும் வாழும் விதி அறிவாகுமா? பழுதுபார்க்கும் உரிமைக்கென மைய அரசு 2022இல் ஓர் இணையதளம் தொடங்கியது. உரிமை இருந்தும், அளக்கத் தெரிந்த கை இல்லையேல் பயன் என்ன?

ஆகவே, செய்முறைப் பயிற்சியில் பழைய செல்பேசிப் பலகைகளுக்கும் இடமளிக்கப் பேராசிரியப் பெருமக்கள் ஆவன செய்வார்களாக. வீட்டு மூலையில் கிடக்கும் பழைய செல்பேசிகளைக் கொண்டுவருவது மாணவராகிய நம் பொறுப்பு!