கூலி வாங்காத வீரர்

1979ஆம் வருஷம் மார்ச் மாதம் 2ஆம் தேதி, அயர்லாந்தின் கார்க் நகரத்து வீதியில் நடந்து சென்றுகொண்டிருந்த ஐம்பத்தெட்டு வயதுள்ள ஒருவர் மாரடைப்பினால் திடீரெனக் கீழே விழுந்து உயிர் நீத்தார். அவர் எண்ணெய்க் கம்பெனி லாரி ஓட்டி ஜீவனம் நடத்தியவர். அரசாங்கப் பதவி எதையும் வகித்தவரல்லர். கலாசாலைப் பட்டம் பெற்றவருமல்லர். ஆயினும் அவருடைய சவ ஊர்வலம் சென்ற வழியெங்கும் ஜனங்கள் ஆயிரக்கணக்கில் திரண்டு நின்றார்கள். க்ளோய்ன் என்னும் அவருடைய சொந்த ஊரில், கல்லறையருகே நின்று இறுதியுரை கூறியவர் அந்நாட்டின் அப்போதைய பிரதம மந்திரி ஜாக் லிஞ்ச். ஒரு லாரி ஓட்டுநருக்கு ஒரு தேசம் ஏன் இவ்வளவு மரியாதை செலுத்திற்று? இக்கேள்விக்கு விடை தேடுவது பயனுள்ள காரியம் என்று கருதுகிறோம்.

காலஞ்சென்றவரின் பெயர் கிரிஸ்டி ரிங். ஹர்லிங் என்பது ஐரிஷ்காரரின் புராதன விளையாட்டு. ஆஷ் மரத்தில் செதுக்கிய, நுனி அகன்ற மட்டையைக் கையில் ஏந்தி, பக்கத்துக்குப் பதினைந்து பேராக நின்று, சிறிய தோல் பந்தை அடித்தும் ஏந்தியும் கொண்டு ஓடி ஆடுவது அது. கம்பங்களுக்கிடையே குறுக்குக் கட்டைக்கு மேலே பந்து சென்றால் ஒரு புள்ளி. கீழே வலைக்குள் புகுந்தால் அது மூன்று புள்ளி பெறும் கோல். பார்ப்பவருக்குக் கண் பிந்தும் வேகம். ஆடுபவருக்குக் கை முறியும் அபாயம். இந்த ஆட்டத்தில் ரிங்குக்கு நிகரானவர் எவரும் பிறக்கவில்லை என்று சொல்லுவோர் அந்நாட்டில் இன்றும் பலர்.

அவர் பிறந்த காலத்தை முதலில் கவனிக்க வேண்டும். அது 1920ஆம் வருஷம் அக்டோபர் மாதம். அடுத்த மாதம் 21ஆம் தேதி, டப்ளின் நகரத்து க்ரோக் பார்க் மைதானத்தில் டிப்பரேரி, டப்ளின் ஜில்லாக்கள் கால்பந்துப் பந்தயம் ஆடிக்கொண்டிருந்தபோது, அந்நிய சர்க்காரின் படையினர் உள்ளே புகுந்து கூட்டத்தின் மீது சுட்டார்கள். பதினான்கு பேர் மாண்டார்கள். அவர்களில் ஒருவர் டிப்பரேரிக்காக ஆடிய மைக்கேல் ஹோகன். ஒரு ஜாதியாரின் விளையாட்டு மைதானமே அவர்களுடைய போர்க்களமாகவும் ஆயிற்று. அந்த விளையாட்டுகளை வளர்க்க 1884ஆம் வருஷம் நவம்பர் 1ஆம் தேதி தர்லஸ் ஊரில் ஏற்பட்டதே கேலிக் அத்லெடிக் சங்கம். நம் ஆட்டத்தை நாமே நடத்துவோம், நம் ஊர்ப் பெயரால் நடத்துவோம் என்பது அதன் உட்கருத்து. ஊர்தோறும் ஒரு கிளப்; கிளப்புகளிலிருந்து ஜில்லாக் கோஷ்டி; ஜில்லாக்களிலிருந்து மாகாணக் கோஷ்டி. மேலிருந்து கீழே இறக்கிய ஏற்பாடன்று. மண்ணிலிருந்து முளைத்து மேலே எழுந்தது. இதற்கு ஒரு விதியும் உண்டு: ஆடுபவர் எவருக்கும் கூலி கிடையாது.

இந்த விதியின் கீழ்தான் ரிங்கின் வாழ்க்கை முழுவதும் நடந்தது. 1939இல் அவர் கார்க் ஜில்லாவின் முதியோர் கோஷ்டியில் இடம் பெற்றார். 1941இல் கார்க் நகரின் வடபுறத்தில் ப்ளாக்பூல் பகுதியைச் சேர்ந்த க்ளென் ரோவர்ஸ் கிளப்பில் சேர்ந்தார். சொந்த ஊர் கிளப்பை விட்டு நகரத்துக் கிளப்புக்கு வந்தவர் என்று அவரைக் குறை சொல்லுவோர் இருக்கலாம். அவர்களுக்கு நாம் சொல்லும் பதில் ஒன்றே: வந்த இடத்தை அவர் பிறகு மாற்றவேயில்லை. 1941 முதல் 1967 வரையில் அந்தக் கிளப்புடன் பதினான்கு ஜில்லா சாம்பியன் பட்டங்களைப் பெற்றார். கடைசிப் பட்டம் பெற்ற வருஷம் அவருக்கு வயது நாற்பத்தாறு. அதே கிளப்பில் அவரோடு தோளோடு தோள் நின்று ஆடியவர்களில் ஒருவர், பாரிஸ்டராகிப் பின்னர் பிரதம மந்திரியான ஜாக் லிஞ்ச். மைதானத்தில் வக்கீலுக்கு ஒரு மட்டை, லாரி ஓட்டுநருக்கு ஒரு மட்டை. அங்கே உயர்வு தாழ்வு பந்தை அடிக்கும் திறமையில் மட்டுமே.

ஜில்லா விஷயத்துக்கு வருவோம். கார்க் 1941, 1942, 1943, 1944 ஆகிய நான்கு வருஷங்களும் தொடர்ந்து அகில அயர்லாந்துப் பட்டத்தை வென்றது. ஹர்லிங்கில் அதற்கு முன் எந்த ஜில்லாவும் இதைச் சாதித்ததில்லை. நான்கிலும் ரிங் ஆடினார். 1944ஆம் வருஷத்து மன்ஸ்டர் மாகாண இறுதிப் பந்தயத்தை அந்நாட்டார் இன்றும் ‘சைக்கிள் பந்தயம்’ என்று குறிப்பிடுகிறார்கள். உலக யுத்தத்தினால் பெட்ரோல் இல்லை. லிமெரிக், கார்க் ஜில்லாக்களின் ஜனங்கள் தர்லஸுக்குச் சைக்கிளில் சென்றார்கள். முதல் பந்தயம் வெற்றி தோல்வியின்றி முடிந்தது, மீண்டும் ஆடினார்கள். ஆட்டம் முடியும் தறுவாயில் ரிங் பந்தை மட்டையில் ஏந்தி, எதிரிகளைக் கடந்து ஓடி, அடித்த கோல் கார்க்குக்கு வெற்றி தந்தது.

1946இல் அவர் தலைமையில் கார்க் கில்கென்னியைத் தோற்கடித்தது. 1952, 1953, 1954 ஆகிய வருஷங்களில் மீண்டும் தொடர்ந்து மூன்று பட்டங்கள். பிந்திய இரண்டிலும் அவரே தலைவர். ஆக எட்டு அகில அயர்லாந்து மெடல்கள். மைதானத்தில் ஆடி எட்டு மெடல் பெற்ற முதல் மனிதர் அவர்தாம். மாகாணங்களுக்கிடையே நடந்த ரயில்வே கோப்பைப் பந்தயங்களில் மன்ஸ்டருக்காக ஆடிப் பெற்றவை பதினெட்டு. 1954ஆம் வருஷத்து இறுதிப் பந்தயத்தைக் காண வந்தவர்கள் 84,856 பேர். அவர்கள் வாசலில் பணம் கொடுத்து உள்ளே சென்றார்கள். உள்ளே ஆடியவருக்கு அதில் ஒரு காசும் இல்லை. ஞாயிற்றுக்கிழமை தேசத்தின் வீரராக நின்றவர், திங்கட்கிழமை லாரியின் சக்கரத்தைப் பிடித்தார்.

ரிங் குறையற்ற மகான் என்று நாம் சொல்ல வரவில்லை. மட்டைகள் மோதும் ஆட்டத்தில் மனங்களும் மோதும். 1953இல் கால்வே ஜில்லாவுடன் நடந்த இறுதிப் பந்தயம் கசப்பிலேயே முடிந்தது. அதையும் நினைவில் வைத்துக்கொண்டுதான் 1956ஆம் வருஷத்து நிகழ்ச்சியை மதிப்பிட வேண்டும். அவ்வருஷம் ஒன்பதாவது மெடலை நாடி வெக்ஸ்போர்டை எதிர்த்து ஆடினார் ரிங். வயது முப்பத்தைந்து. ஆட்டத்தின் கடைசி நிமிஷங்களில் அவர் கோலை நோக்கி அடித்த பந்தை வெக்ஸ்போர்டின் கோல் காவலர் ஆர்ட் போலி தடுத்துவிட்டார். தம்முடைய ஒன்பதாவது மெடலைப் பறித்த அந்தக் கையை ரிங் அங்கேயே பற்றிக் குலுக்கினார். வெக்ஸ்போர்டு இரண்டு கோல் பதினான்கு புள்ளிகளும், கார்க் இரண்டு கோல் எட்டுப் புள்ளிகளும் எடுத்தன. பந்தயம் முடிந்ததும் வெற்றி பெற்றவர்களான நிக் ஓடானலும் பாபி ராக்கார்டும் தோல்வியுற்ற ரிங்கைத் தங்கள் தோளில் தூக்கிச் சுமந்து சென்றார்கள். வென்றவனைத் தோற்றவன் வணங்குவது உலக வழக்கம். தோற்றவனை வென்றவன் சுமப்பது அபூர்வம். அந்தத் தோள்களுக்கும் கூலி கிடையாது என்பதை வாசகர்கள் மறக்கலாகாது.

இங்கேதான் வழக்கு எழுகிறது. இரு தரப்பையும் கேட்டுத் தீர்ப்புச் சொல்லுவதே நியாயம். ஒரு தரப்பார் சொல்லுகிறார்கள்: எண்பதினாயிரம் பேர் கூடும் மைதானத்துக்கு வருமானம் உண்டு, மைதானத்தைக் கட்டும் கொத்தனாருக்குக் கூலி உண்டு, நிர்வாகிகளுக்குச் சம்பளம் உண்டு, உடம்பைப் பணயம் வைத்து ஆடுபவனுக்கு மட்டும் ஒன்றுமில்லை என்பது தர்மமா? இந்த வாதத்தை எளிதில் தள்ளிவிட முடியாது. ரிங்கின் காலத்தில் வேலை முடிந்து வந்து பயிற்சி செய்தால் போதும். இன்று ஜில்லாக் கோஷ்டியில் ஆடுபவர் தொழில் முறை ஆட்டக்காரருக்குச் சமமாக உழைக்கிறார். அவர் பகலில் உபாத்தியாயராகவோ, பாங்கி குமாஸ்தாவாகவோ, விவசாயியாகவோ இருந்துகொண்டே அந்த உழைப்பை நடத்துகிறார். ஜில்லா ஆட்டக்காரர்கள் தங்கள் நலனைப் பாதுகாக்க 1999இல் தனிச் சங்கம் கண்டதற்குக் காரணம் இல்லாமலில்லை.

மறு தரப்பு என்ன சொல்லுகிறது? கூலி நுழைந்த நாளே ஊர் வெளியேறும் என்கிறது. பணம் உள்ள ஜில்லா ஆட்டக்காரர்களை விலைக்கு வாங்கும்; பணமற்ற ஜில்லா தன் பிள்ளைகளை விற்கும். கில்கென்னியின் ஹென்றி ஷெப்லின் 2012இல் ஒன்பதாவது மெடலையும், 2014இல் பத்தாவது மெடலையும் பெற்று, ரிங்கின் கணக்கைத் தாண்டினார். அவரும் தம் ஊரான பாலிஹேலின் கிளப்பை விட்டவரல்லர். ரிங்கின் கணக்கை ஒருவர் கடந்துவிட்டார். ரிங் நின்ற நெறியை அவர் கடக்கவில்லை. விலை பேசும் சந்தையாக அந்த ஆட்டம் இருந்திருந்தால், இவ்விருவரும் ஏலத்தில் எந்த ஊருக்குப் போயிருப்பார்களோ, யார் அறிவார்?

நமது தீர்ப்பு இரண்டாம் தரப்புக்கே சாதகமானது. ஆனால் ஒரு நிபந்தனையுடன். கூலி வேண்டாம் என்று சொல்லும் உரிமை, கடனை ஒப்புக்கொள்ளும் ஸ்தாபனத்துக்கு மட்டுமே உண்டு. தியாகத்தை எதிர்பார்ப்பவன் முதலில் தானே அதைச் செய்துகாட்ட வேண்டும். ஆட்டக்காரருக்குத் தொண்டின் மேன்மையை உபதேசித்துவிட்டு, கோஷ்டிகளைப் பழக்கும் மானேஜர்களுக்கு மறைவில் பணம் போகிறது என்ற பேச்சு அங்கே நெடுங்காலமாக உண்டு. 2012இல் அந்த ஸ்தாபனத்தின் தலைமை நிர்வாகியே இதைப் பற்றி ஒரு விவாதப் பத்திரம் வெளியிட நேர்ந்தது. முன்வாசலில் விரதம், பின்வாசலில் விருந்து என்ற நிலை எந்த ஸ்தாபனத்தையும் அரித்துவிடும். கூலியில்லை என்றால் எவருக்கும் இல்லை என்றே இருக்க வேண்டும். அடிபட்டவனுக்கு வைத்தியம், இழந்த வேலை நாளுக்கு ஈடு, படிப்புக்கும் தொழிலுக்கும் துணை ஆகியவை கூலியல்ல, கடன். இவற்றைத் தானமாகக் கொடுப்பது ஆட்டக்காரனுக்கு அவமானம். உரிமையாகக் கொடுப்பதே ஸ்தாபனத்துக்குப் பெருமை.

இன்னொரு கடனும் உண்டு. அது கிளப்புக்குச் செலுத்த வேண்டியது. ஜில்லாப் பந்தயங்களின் ஆரவாரம் பெருகப் பெருக, ஊர்க் கிளப்பின் பந்தயங்கள் நாள் குறிப்பிடப்படாமல் தள்ளிப்போயின. ஜில்லாக் கோஷ்டியில் இருப்பவர் சிலர். கிளப்போடு நின்றுவிடுபவர் ஆயிரக்கணக்கானவர். 2022 முதல் அகில அயர்லாந்து இறுதிப் பந்தயத்தை ஜூலை மாதத்திலேயே முடித்து, வருஷத்தின் பிற்பகுதியைக் கிளப்புகளுக்கு ஒதுக்கியிருக்கிறார்கள். விளம்பரத்துக்குரிய மாதங்களை வீணாக்கிவிட்டார்கள் என்று முணுமுணுப்பவர்கள் உண்டு. நாம் இந்த மாறுதலை வரவேற்கிறோம். வேர் காய்ந்த பிறகு கிளைக்குத் தண்ணீர் ஊற்றி என்ன பயன்? ரிங்கை ரிங்காக்கியது க்ரோக் பார்க் அன்று. க்ளோய்னின் வெளியும் ப்ளாக்பூலின் வீதியுமே அவரை ஆக்கின. க்ரோக் பார்க் அவரை உலகத்துக்குக் காட்டியது, அவ்வளவே.

மட்டையைக் கீழே வைத்த பின்பும் ரிங் தம் கடன் முடிந்தது என்று இருந்துவிடவில்லை. 1976, 1977, 1978 ஆகிய மூன்று வருஷங்களும் கார்க் தொடர்ந்து பட்டம் வென்றபோது, ஆட்டக்காரரைத் தேர்ந்தெடுக்கும் கமிட்டியில் அவர் இருந்தார். தாம் பெற்ற வித்தையைப் பிறருக்குக் கொடுத்துவிட்டே போனார். கார்க் நகரில் அவர் பெயரால் ஒரு பாலமும் ஒரு மைதானமும் உள்ளன. க்ளோய்னில் அவருடைய சிலை நிற்கிறது. அந்த ஜனங்கள் நன்றி மறவாதவர்கள்.

ஆனால் சிலை வைப்பது சுலபம். சிலைக்குரியவன் எந்த நெறியில் நின்றானோ அந்த நெறியைக் காப்பது கடினம். கூலி வாங்காமல் ஆடியவருக்கு அயர்லாந்து செலுத்த வேண்டிய மரியாதை, இனியும் ஒரு லாரி ஓட்டுநரின் மகன் தன் ஊர்ப் பெயரை மார்பில் தரித்து, எவருக்கும் விலைப்படாமல், எவராலும் ஏமாற்றப்படாமல் ஆடும்படி செய்வதே. 1979ஆம் வருஷத்தில் க்ளோய்ன் கல்லறையருகே கூடிய ஜனசமூகம் அன்று கண்ணீரால் எழுதிக்கொடுத்த பத்திரம் அது. அதைக் கௌரவிக்க வேண்டிய பொறுப்பு அந்த ஸ்தாபனத்தைச் சேர்ந்தது.