நிஜ ரத்தமும் சோளப்பாகும்

ஒரு வாசகர் கோபமாகக் கடிதம் போட்டிருக்கிறார். போன வாரம் பேச்சுவாக்கில், ராத்திரி பேய்ப்படம் பார்ப்பேன் என்று எழுதிவிட்டேன். அதற்குத்தான் இந்த அர்ச்சனை. ‘நாற்பது தாண்டிய, நாலு பேருக்குப் புத்தி சொல்கிற ஆள் நீங்கள். குடலை உருவுகிற படத்தையெல்லாம் உட்கார்ந்து பார்ப்பீர்களா? எடுக்கிறவன் முழுப் பைத்தியம், பார்க்கிறவன் அரைப் பைத்தியம்’ என்று முடித்திருக்கிறார்.

அரைப் பைத்தியப் பட்டத்தை சந்தோஷமாக ஏற்றுக்கொள்கிறேன். என் வீட்டிலேயே அது ஏற்கெனவே வழங்கப்பட்டுவிட்டது. அந்த முழுப் பைத்தியத்தைப் பற்றித்தான் உங்களோடு சண்டை போட வேண்டியிருக்கிறது. ஏனென்றால், குடல் உருவுவதில் உலகப் புகழ் பெற்ற ஆள் ஒருவர் இருக்கிறார். பெயர் டாம் சவினி. அவர் அதைக் கற்றுக்கொண்ட இடம் எது தெரியுமா? வியட்நாம். அனுப்பி வைத்தது அமெரிக்க அரசாங்கம்.

1946ல் அமெரிக்காவின் பிட்ஸ்பர்க்கில் பிறந்தவர் சவினி. உருக்கு ஆலைகளின் ஊர். சிறுவனாக இருந்தபோது ‘மேன் ஆஃப் எ தவுசண்ட் ஃபேசஸ்’ என்ற படம் பார்த்தார். மௌனப்பட காலத்தில் தன் முகத்தை விதவிதமாக மாற்றிக்கொண்டு நடித்த லான் சானியின் கதை. ஜேம்ஸ் காக்னி நடித்து 1957ல் வந்தது. பையனுக்குப் பித்து பிடித்துவிட்டது. கிடைத்ததையெல்லாம் மூஞ்சியில் அப்பிக்கொண்டு கண்ணாடி முன்னால் உட்கார ஆரம்பித்தவர்தான்.

அதே பிட்ஸ்பர்க்கில், சினிமாக் கம்பெனிகளின் தயவு இல்லாமல் சொந்த முயற்சியில் ஒரு படம் எடுக்கக் கிளம்பினார் ஜார்ஜ் ரொமெரோ. ‘நைட் ஆஃப் தி லிவிங் டெட்’. செலவு ஏறக்குறைய 1 லட்சத்து 14 ஆயிரம் டாலர். செத்தவர்கள் எழுந்து நடந்து வந்து உயிரோடு இருப்பவர்களைத் தின்னும் கதை. சவினியும் அதில் வேலை செய்திருக்க வேண்டியவர். ராணுவம் முந்திக்கொண்டது. 1968ல் படம் வெளியானபோது சவினி அதில் இல்லை. வியட்நாமில் அவருக்குக் கொடுத்த வேலை, போர்முனைப் புகைப்படக்காரர்.

அதாவது, துப்பாக்கிக்காரன் சுட்டுவிட்டு நகர்ந்துவிடலாம். இவர் கிட்டே போய், ஃபோகஸ் பார்த்து, வெளிச்சம் பார்த்து, க்ளிக் செய்ய வேண்டும். சிதைந்த உடம்புகளைப் பதிவு செய்வது உத்தியோகம். எப்படித் தாங்கினீர்கள் என்று பின்னாளில் கேட்டவர்களுக்கெல்லாம் ஏறக்குறைய ஒரே பதிலைத்தான் சொல்லியிருக்கிறார். லென்ஸ் வழியாகப் பார்க்கும்போது, இதெல்லாம் மேக்கப், யாரோ நன்றாகச் செய்திருக்கிறார்கள் என்று தனக்குத் தானே சொல்லிக்கொள்வாராம். கேமரா கவசமாக இருந்தது. கவசத்துக்கு விலையும் உண்டு. ஊர் திரும்பிய பிறகும் உணர்ச்சி மரத்துப்போயே கிடந்தது என்று அவரே ஒப்புக்கொண்டிருக்கிறார்.

இங்கே ஒரு நிமிஷம் நிறுத்துங்கள். பத்திரிகைக்காரர்களான எங்களுக்கு இந்த மாதிரிக் கதை என்றால் அல்வா. ‘போர் ஒரு கலைஞனைச் செதுக்கியது’ என்று தலைப்பு கொடுத்து, சோக வயலினை மீட்டிவிட்டுப் போய்விடுவோம். அயோக்கியத்தனம். கண்ணாடி முன்னால் உட்கார்ந்த பையன் போருக்கு முன்பே கலைஞன்தான். போர் அவனுக்குக் கொடுத்தது உடற்கூறு பற்றிய ஒரு பயங்கரமான பாடம். வியட்நாமில் செத்த அமெரிக்கச் சிப்பாய்கள் 58 ஆயிரத்துக்கும் மேல். பொதுமக்கள் மட்டும் இருபது லட்சம் பேர் என்று வியட்நாம் அரசு 1995ல் கணக்குச் சொன்னது. நான் பி.காம். படித்தவன். இத்தனை உயிரைச் செலவுப் பக்கத்தில் எழுதிவிட்டு வரவுப் பக்கத்தில் ‘ஒரு மேக்கப் கலைஞர்’ என்று எழுதினால் எந்த ஆடிட்டரும் கையெழுத்துப் போட மாட்டார்.

இப்போது அதே 1968ல் வந்த இன்னொரு படத்தைப் பாருங்கள். ‘தி கிரீன் பெரெட்ஸ்’. ஜான் வெயின் நடித்து, இயக்குநர்களில் ஒருவராகவும் இருந்து எடுத்த வியட்நாம் படம். ராணுவத் தலைமையகம் ஹெலிகாப்டரும் ஆட்களும் கொடுத்து உதவியது. வீரம், தியாகம், நம்ம பசங்க நல்ல பசங்க. கடைசியில் கதாநாயகன் அநாதைச் சிறுவனின் கையைப் பிடித்துக்கொண்டு கடற்கரையில் நடக்க, சூரியன் கடலில் மறைகிறது. வியட்நாமின் நீளக் கடற்கரை கிழக்குப் பக்கம் என்பது எடுத்தவர்களுக்குத் தோன்றவில்லை. உலக யுத்தம் உட்பட எந்த யுத்தத்திலும் சீருடை போட்டுப் பணியாற்றாதவர் ஜான் வெயின். அவர் தேசபக்தர். போர்முனையில் நின்று படம் பிடித்தவர் பைத்தியக்காரர். நல்லா இருக்குய்யா உங்க நியாயம்!

ஊருக்கு வந்த சவினி ஆரம்பத்தில் வேலை செய்த படங்களில் ஒன்று 1974ல் வந்த ‘டெத்டிரீம்’. இயக்கம் பாப் கிளார்க். ஒப்பனையில் ஆலன் ஆம்ஸ்பியோடு சவினி. மகன் வியட்நாமில் இறந்துவிட்டான் என்று வீட்டுக்குச் செய்தி வருகிறது. அம்மா நம்ப மறுத்து அவன் திரும்பி வர வேண்டும் என்று பிரார்த்திக்கிறாள். அன்று ராத்திரியே வந்து நிற்கிறான். சந்தோஷம்... கொஞ்ச நேரத்துக்கு. பையன் சாப்பிட மாட்டேன் என்கிறான், பேச மாட்டேன் என்கிறான், ஆடும் நாற்காலியில் ஆடிக்கொண்டே இருக்கிறான். அழுகிப்போகாமல் இருக்க அவனுக்கு மனித ரத்தம் தேவைப்படுகிறது. அப்பாவுக்கு மெல்லப் புரிகிறது. அம்மா கடைசிவரை புரிந்துகொள்ள மறுக்கிறாள்.

சில்லறைக் காசில் எடுத்த பேய்ப்படம். போர் இன்னும் முடியவில்லை. பெரிய ஸ்டூடியோக்கள் வியட்நாம் பக்கம் தலை வைத்துப் படுக்கவே பயந்த காலம். திரும்பி வந்த சிப்பாய்களின் மனக்காயத்துக்கு ‘பிடிஎஸ்டி’ என்று பெயர் கொடுத்து அமெரிக்க மனநல மருத்துவர் சங்கம் தன் கையேட்டில் சேர்த்தது 1980ல். ‘வந்தவன் பழைய மகன் இல்லை’ என்பதைப் பேய்ப்படக்காரன் ஆறு வருஷம் முன்னாடியே சொல்லிவிட்டான். இதைக் குப்பை என்று ஒதுக்கியவர்கள், 1978ல் ‘தி டியர் ஹன்டர்’ வந்ததும் எழுந்து நின்று கைதட்டினார்கள்.

அடுத்து ரொமெரோவின் ‘டான் ஆஃப் தி டெட்’. பிட்ஸ்பர்க் பக்கத்தில் மன்ரோவில் என்ற ஷாப்பிங் மால். கடைகள் மூடியபின் ராத்திரி படப்பிடிப்பு, விடிவதற்குள் மூட்டை கட்ட வேண்டும். நடுவில் கிறிஸ்துமஸ் அலங்காரத்துக்காக வேலையை நிறுத்திவிட்டார்கள். செலவு 15 லட்சம் டாலர் என்று வெளியே சொன்னார்கள். நிஜத்தில் ஆறரை லட்சத்துக்குள்தான். விற்கும்போது கொள்முதல் விலையை ஏற்றிச் சொல்வது எந்த ஊர் வியாபாரியும் செய்வதுதானே! வசூல், உலகம் முழுக்க சுமார் ஐந்தரைக் கோடி டாலர் என்கிறார்கள்.

இதிலே சென்சார் சமாச்சாரம் ஒன்று இருக்கிறது. அமெரிக்காவில் நம் ஊர் மாதிரி அரசாங்க சென்சார் கிடையாது. பெரிய ஸ்டூடியோக்கள் சேர்ந்து வைத்திருக்கும் சங்கமே தரம் பிரித்துச் சான்று கொடுக்கும். யோசித்துப் பாருங்கள், பெரிய மளிகைக் கடைக்காரர்கள் சேர்ந்து தெருமுனைப் பெட்டிக்கடையின் தராசுக்கு முத்திரை குத்துகிற மாதிரி! ‘டான்’ படத்துக்கு ‘எக்ஸ்’ முத்திரைதான் என்றார்கள். அது அந்தக் காலத்தில் ஆபாசப் படங்களோடு சேர்த்து எண்ணப்பட்ட முத்திரை. பல பத்திரிகைகள் விளம்பரம் வாங்காது, பல தியேட்டர்கள் வாசலிலேயே சேர்க்காது. ரொமெரோ சான்றிதழே வேண்டாம் என்று சொல்லிவிட்டு வெளியிட்டார்.

1985ல் ‘டே ஆஃப் தி டெட்’ எடுத்தபோது அதே சிக்கல். காயங்களைக் குறைத்துக்கொண்டால் 70 லட்சம் டாலர், குறைக்காவிட்டால் அதில் பாதி. ரொமெரோ பாதியை வாங்கிக்கொண்டு கதையைச் சுருக்கினார். பென்சில்வேனியாவில் ஒரு சுரங்கத்துக்குள் படமாக்கினார்கள். ராணுவ கேப்டன் ஒருவனைப் பிணங்கள் இரண்டாகக் கிழிக்கும் காட்சிக்கு நிஜமான பன்றிக் குடல் வாங்கி வைத்திருந்தார்கள். குளிர்பெட்டிக்கு மின்சாரம் நின்றுபோயிருந்ததை யாரும் கவனிக்கவில்லை. குடல் அழுகி நாறிவிட்டது. வேறு வாங்க நேரமும் இல்லை, காசும் இல்லை. மூக்கைப் பொத்திக்கொண்டு எடுத்து முடித்தார்கள். அந்த நடிகர் முகத்தில் தெரியும் அவஸ்தையில் பாதி நடிப்பு, மீதி நாற்றம்.

ரத்தத்துக்கு இவர்கள் வழக்கமாகப் பயன்படுத்துவது சோளப்பாகும் உணவுச் சாயமும். 1980ல் வந்த ‘ஃப்ரைடே தி தர்ட்டீன்த்’ படத்தில், அப்போது பிரபலமாகாத கெவின் பேக்கன் கட்டிலில் படுத்திருப்பார். அம்பு முனை தொண்டையைத் துளைத்துக்கொண்டு வெளியே வரும். நிஜத்தில் அவர் கட்டிலுக்குக் கீழே மண்டியிட்டு, ஓட்டை வழியாகத் தலையை மட்டும் நீட்டிக்கொண்டிருந்தார். கழுத்தும் மார்பும் சவினி செய்த பொம்மை. காட்சி ஓடும்போது ரத்தம் பாய்ச்சும் குழாய் கழன்றுவிட்டது. உதவியாளர் சட்டென்று குழாயை வாயில் வைத்து ஊதினார். ரத்தம் கொப்பளித்துக்கொண்டு வந்தது, பம்ப் அடித்ததை விட இயல்பாக! ஐந்தரை லட்சம் டாலரில் எடுத்த அந்தப் படம் அமெரிக்காவில் மட்டும் கிட்டத்தட்ட நாலு கோடி டாலர் வசூலித்தது.

விமர்சகர் ஜீன் சிஸ்கலுக்கு வந்ததே கோபம்! கொலையாளி யார் என்பதை விமர்சனத்திலேயே போட்டு உடைத்தார். வெளியிட்ட கம்பெனியின் தாய் நிறுவனத் தலைவருக்குக் கண்டனக் கடிதம் எழுதச் சொல்லி வாசகர்களைத் தூண்டினார். அவரும் ராஜர் ஈபர்ட்டும் சேர்ந்து டிவியில் ஒரு நிகழ்ச்சி முழுக்க இந்த வகைப் படங்களைப் பிய்த்தார்கள். பெண்களைத் துரத்தித் துரத்திக் கொல்வதையே பொழுதுபோக்காக்கி விட்டார்கள் என்பது குற்றச்சாட்டு. அதில் நியாயம் உண்டு, மறைக்க மாட்டேன். ‘ஃப்ரைடே’யைப் பார்த்துப் போட்ட ஈயடிச்சான் காப்பிகளில் முக்கால்வாசி அந்த ரகம்தான். சவினி அதே வருஷம் வேலை செய்த ‘மேனியாக்’ படத்தை என்னால் இன்றைக்கும் முழுசாகப் பார்க்க முடியாது. ஆகவே எல்லாமே காவியம் என்று நான் சொல்ல வரவில்லை.

என் சண்டை தராசைப் பற்றியது. 1998. ஸ்பீல்பெர்க் ‘சேவிங் பிரைவேட் ரயான்’ எடுக்கிறார். செலவு 7 கோடி டாலர். முதல் அரை மணி நேரம் கடற்கரையில் குடல் சரிகிறது, கை பறக்கிறது, பறந்த கையை ஒருவன் குனிந்து எடுத்துக்கொண்டு நடக்கிறான். நிஜத்தைக் காட்ட வேண்டும் என்று, கை கால் இழந்தவர்களையே தேடிப் பிடித்து நடிக்க வைத்தார்கள். சங்கம் ‘ஆர்’ சான்றிதழ் கொடுத்தது. ‘எக்ஸ்’ பேச்சே இல்லை. சிறந்த இயக்குநர் உட்பட ஐந்து ஆஸ்கர். அருமையான படம், சந்தேகமில்லை. எனக்கும் கண் கலங்கியது. ஆனால், சவினி இருபது வருஷம் முன்பு உடம்பு கிழிந்தால் எப்படி இருக்கும் என்று காட்டியபோது அது வக்கிரம். கொடி பறக்கும் படத்தில் அதே கிழிசல் வந்தால் கலை. ரத்தத்தில் பேதம் உண்டா, சார்? கொடிக்காகச் சிந்தினால் புனிதம், சும்மா சிந்தினால் அசிங்கமா?

மேக்கப்புக்கு ஆண்டுதோறும் ஆஸ்கர் தரும் வழக்கம் வந்தது 1981ம் ஆண்டுப் படங்களில் இருந்து. முதல் பரிசே ஒரு பேய்ப்படத்துக்குத்தான். ‘ஆன் அமெரிக்கன் வேர்வுல்ஃப் இன் லண்டன்’, கலைஞர் ரிக் பேக்கர். சவினிக்கு அது எட்டவேயில்லை.

காசு விஷயத்துக்கும் வருவோம், என் ஜாதகம் அது. 1968 படத்தின் தலைப்பை விநியோகஸ்தர் கடைசி நேரத்தில் மாற்றினார். புதிய தலைப்பு அட்டையில் காப்புரிமை வாசகத்தைப் போட மறந்துவிட்டார்கள். அன்றைய சட்டப்படி, வாசகம் இல்லையென்றால் உரிமையும் இல்லை. படம் பொதுச்சொத்தாகிவிட்டது. யார் வேண்டுமானாலும் கேசட் போட்டு விற்றார்கள். எடுத்தவர்களுக்கு நாமம். இழந்ததில் கொஞ்சத்தையாவது மீட்கலாம் என்றுதான் 1990ல் அதே படத்தை மறுபடி எடுத்தார்கள். இயக்குநராக சவினிக்கு வாய்ப்பு கிடைத்தது. போர் பறித்துக்கொண்ட படம் இருபத்திரண்டு வருஷம் கழித்துக் கைக்கு வந்தது.

அதையும் முழுசாக விடவில்லை. சங்கம் வெட்டியது, தயாரிப்பாளர்கள் வெட்டினார்கள். மனதில் நினைத்ததில் பாதிகூடத் திரையில் வரவில்லை, அந்தப் படப்பிடிப்பு என் வாழ்க்கையின் துர்க்கனவு என்று புலம்பியிருக்கிறார். வசூலும் சுமார். அதன் பிறகு நடித்தார், குறும்பகுதிகள் இயக்கினார். பெரிய படம் எதுவும் அவரிடம் வரவில்லை.

ஆனால், அந்தப் படத்தின் கடைசிப் பத்து நிமிஷத்தை, கடிதம் போட்ட நண்பரே, தயவுசெய்து பாருங்கள். பழைய படத்தில் பயந்து உறைந்து கிடந்த பார்பரா, இதில் துப்பாக்கி ஏந்தித் தப்பி வருகிறாள். விடிந்துவிட்டது. ஊர்க்காரர்கள் திரண்டு வந்து நடைப்பிணங்களை ஒழித்துக்கொண்டிருக்கிறார்கள். ஒழிப்பதோடு நிற்கவில்லை. மரத்தில் கட்டித் தொங்கவிட்டு, குறி வைத்துச் சுட்டு, சிரித்து விளையாடுகிறார்கள். அவள் அதைப் பார்த்துக்கொண்டு நிற்கிறாள். அதில் ரத்தம் பெரிதாக இல்லை. அந்தச் சிரிப்புதான் வயிற்றைப் பிசைகிறது. போர்முனையில் கேமராவோடு நின்ற ஒருவர் இதை எடுத்தார் என்று தெரிந்துகொண்டு பாருங்கள்.

சவினி பின்னர் பிட்ஸ்பர்க்குக்குத் தெற்கே, உருக்காலை மூடி ஓய்ந்துபோன மோனெஸ்ஸன் என்ற சிற்றூரில், ஒரு கல்வி நிலையத்தில் தன் பெயரில் மேக்கப் படிப்பு தொடங்கினார். அதற்கு வெகுகாலம் முன்பே, ‘டே ஆஃப் தி டெட்’ படத்தில் அவரிடம் உதவியாளராகச் சேர்ந்த கிரெக் நிகோட்டெரோ என்ற பிட்ஸ்பர்க் பையன் மருத்துவம் படிக்கும் எண்ணத்தில் இருந்தவன். அதை விட்டுவிட்டு அழுகிய குடல் பக்கம் வந்துவிட்டான். 2010ல் ஆரம்பித்த ‘தி வாக்கிங் டெட்’ தொடரின் பிணங்களெல்லாம் அவர் கைவண்ணம். அதற்கு எம்மி விருதும் வாங்கினார். குடும்பத்தோடு உட்கார்ந்து உலகமே அந்தத் தொடரைப் பார்த்தது. உங்கள் வீட்டில் யாராவது பார்த்தார்களா என்று விசாரித்துவிட்டு, அடுத்த கடிதத்தில் மறக்காமல் எழுதுங்கள்.