கண்டி தந்த பந்துவீச்சு ஆசான்

கண்டியிற் பிறந்த முத்தையா முரளிதரனை ஆட்டக்காரராக அறியாதார் இலர். ஆசானாக அறிந்தோர் சிலரே. கட்டுகஸ்தோட்டை புனித அந்தோனியார் கல்லூரியில் மிதவேகப் பந்து வீசிய சிறுவனை, ஏறத்தாழ 14 வயதில், சுழற்பந்துக்குத் திருப்பியவர் பயிற்றுநர் சுனில் பெர்னாண்டோ. விடைத்தாள்களையே பார்த்துப் பழகிய நம்போன்ற ஆசிரியர்களுக்குச் சற்றே பொறாமை தரும் செயல் இது! அச்சிறுவனே பின்னாளில் 133 டெஸ்ட் ஆட்டங்களில் 800 விக்கெட்டுகளை வீழ்த்தி, 2010இல் காலியில் விடைபெற்றார்.

இனி அவர் பிறர்க்கு எதனைக் கற்பிப்பது? பிறவியிலேயே முற்றாக நிமிராத முழங்கையையும் அந்த மணிக்கட்டையும் எவருக்கும் ஈய இயலாது. பந்தை எங்கே விழச்செய்வது, அடிபட்ட பின் அடுத்த பந்தை எவ்வாறு வீசுவது என்பவற்றையே ஈயலாம் என எண்ணுகிறோம்.

1995இல் மெல்பேர்ணில், அவர் பந்தை எறிகிறார் எனக் கருதி அவுஸ்திரேலிய நடுவர் டரல் ஹெயர் ஏழு முறை ‘நோ-போல்’ என்றார். 2014இல் அவுஸ்திரேலிய அணியே, பாக்கிஸ்தானுடன் ஆடுமுன், சுழற்பந்து ஆலோசகராக அவரை அழைத்தது. அவரும் மறுக்காது சென்றார். 2015இல் ஐதராபாத் சன்ரைசர்ஸ் அணியின் பந்துவீச்சுப் பயிற்றுநரானார். மறு ஆண்டே அவ்வணி ஐ.பி.எல். கிண்ணத்தை வென்றது. அத்தொடரில் 23 விக்கெட்டுகளுடன் முதலிடம் பெற்ற அவ்வணி வீரர் சுழற்பந்துக்காரர் அல்லர். வேகப்பந்து வீசும் புவனேஸ்வர் குமார்.