பந்து யாருக்குச் சொந்தம்?

"விளையாட்டில் அரசியலைப் புகுத்தாதீர்கள்!"

இந்த உபதேசம் நமக்குப் புதியதல்ல. மலைகிராமத்து வாலிபர்கள் கூடி, பந்து ஆட ஒரு மைதானம் வேண்டும் என்று மனு எழுத உட்கார்ந்தால் போதும், இதை ஓத எங்கிருந்தோ கனவான்கள் வந்துவிடுகிறார்கள். கூடவே ஒரு யோசனையும் தருகிறார்கள்: "சர்க்காரை ஏன் நச்சரிக்கிறீர்கள்? நல்ல கம்பெனியாகப் பார்த்துப் பிடியுங்கள். பனியனும் கிடைக்கும், பந்தும் கிடைக்கும், கிளப்பும் வளரும்!"

உபதேசமும் பொய். யோசனையோ அதைவிடப் பெரிய பொய். கால்பந்துக் கிளப்புகளின் சரித்திரமே இதற்குச் சாட்சி.

கல்கத்தாவுக்குப் போவோம். 1889 ஆகஸ்ட் 15-ல் வடகல்கத்தாவின் ஒரு பேட்டையில் மோகன் பகான் கிளப் ஆரம்பமாயிற்று. அன்று அது ஒரு பேட்டைப் பிள்ளைகளின் சிறிய கிளப்தான். ஆரம்பித்தவர்கள் ஏழைகள் என்று நாம் சொல்லவில்லை. மித்ரா, போஸ், சென் போன்ற பெரிய குடும்பங்கள்தான். முதல் தலைவர் பூபேந்திரநாத் போஸ், 1914-ல் நமது சென்னையில் கூடிய காங்கிரஸ் மகாசபைக்குத் தலைமை வகித்தவர். அரசியல் இல்லாத கிளப்பாம்!

அந்தக் கிளப் 1911 ஜூலை 29-ல் ஐ.எப்.ஏ. கேடய இறுதி ஆட்டத்தில் ஈஸ்ட் யார்க்‌ஷயர் பட்டாளத்து அணியைச் சந்தித்தது. எதிரே பூட்ஸ் அணிந்த வெள்ளைச் சிப்பாய்கள். நம்மவர்களில் பூட்ஸ் போட்டவர் சுதீர் சாட்டர்ஜி ஒருவர்தான். மற்றப் பத்துப் பேரும் வெறுங்கால். முதல் கோல் பட்டாளத்துக்கு. பிறகு காப்டன் சிவதாஸ் பாதுரி ஒன்று போட்டார், அபிலாஷ் கோஷ் இன்னொன்று போட்டார். 2-1! 1905-ல் வங்காளத்தை இரண்டாக வெட்டிய கர்ஸானின் காயம் ஆறாத காலம் அது. மைதானத்தைச் சுற்றி நின்ற ஜனங்கள் ஆடியது வெறும் பந்தாட்டம் என்றா நினைத்தார்கள்? அதே வருஷம் டிசம்பரில் பிரிவினை ரத்தாயிற்று, தலைநகரும் டில்லிக்குப் போயிற்று. பந்துதான் தலைநகரை உதைத்துத் தள்ளியது என்று சிலர் கதை கட்டுவார்கள். அது மிகை. ஆனால் துரைமாரை நேருக்கு நேர் நின்று தோற்கடிக்க முடியும் என்று லட்சக்கணக்கானவர்கள் அன்று தெரிந்துகொண்டது மிகையல்ல.

வெற்றி பெற்ற பிறகாவது சமமாக நடத்தினார்களா? கல்கத்தா லீக்கின் முதல் டிவிஷனில் இந்தியக் கிளப்புகள் இரண்டுக்கு மேல் கூடாது என்று விதி வைத்திருந்தார்கள். 1920-ல் பிறந்த ஈஸ்ட் பெங்கால் கிளப் தகுதி பெற்று வந்து வாசலில் நின்றபோதுதான், கிளர்ச்சிக்குப் பிறகு, அந்த விதி போயிற்று. அரசியலைப் புகுத்தியது யார், ஐயா?

இனி அந்தப் பக்கத்துச் சங்கதி. நம் சேலம், ராசிபுரம் நெசவாளியின் வயிற்றில் அடித்த லங்காஷயர் துணியைப் பற்றி எல்லோருக்கும் தெரியும். அந்தத் துணியை நெய்த தொழிலாளியும் அரைவயிற்றுக்காரன்தான் என்பது பலருக்குத் தெரியாது. அங்கே பிளாக்பர்ன் என்ற ஆலை நகரத்தில் 1878-ல் தோன்றியது பிளாக்பர்ன் ஒலிம்பிக் கிளப். நெசவாளி, நூற்பாலைத் தொழிலாளி, இரும்புப் பட்டறைத் தொழிலாளி, குழாய் வேலைக்காரர் - இப்படிப்பட்டவர்கள் அதில் ஆடினார்கள். 1883 மார்ச் 31-ல், லண்டன் கென்னிங்டன் ஓவல் மைதானத்தில், எப்.ஏ. கோப்பை இறுதி ஆட்டம். எதிரே ஓல்ட் எட்டோனியன்ஸ்: பிரபுக்களின் பிள்ளைகள் படிக்கிற ஈட்டன் பள்ளியின் பழைய மாணவர்கள்! நேரம் முடிந்தும் 1-1. கூடுதல் நேரத்தில் வெற்றிக் கோலைப் போட்டவர் ஜிம்மி காஸ்ட்லி என்ற நூற்பாலைத் தொழிலாளி. தொழிலாளர் அணி அந்தக் கோப்பையைக் கைப்பற்றியது அதுவே முதல் தடவை.

கனவான்களுக்கு எரிச்சல் தாங்கவில்லை. ஆட்டத்துக்கு முன்னால் கடற்கரை ஊரான பிளாக்பூலுக்கு அழைத்துப் போய்ப் பயிற்சி கொடுத்தார்களாம், இது அமெச்சூர் தர்மத்துக்கு விரோதமாம்! இந்தத் தர்மத்தைச் சற்று உரசிப் பாருங்கள். காசு வாங்காமல் ஆடுவதுதான் கௌரவம் என்றார்கள். அப்பன் சொத்தில் சாப்பிடுகிறவனுக்கு அது சுலபம். ஒரு நாள் தறியை விட்டு இறங்கினால் அன்றைய கூலி போகிறவன் எப்படி ஆடுவான்? கூலி இழப்பை ஈடுசெய்தால் குற்றம். ஈடுசெய்யாவிட்டால் ஆட வர முடியாது. தொழிலாளியை வெளியே நிறுத்த இதைவிட நாசூக்கான பூட்டு உண்டா?

அந்த வீரர்களை அழைத்துப் போன செலவைத் தாங்கியவர் சிட்னி யேட்ஸ் என்ற இரும்புப் பட்டறை முதலாளி. அவரை நாம் தூற்றவில்லை. ஆனால் ஒரு முதலாளியின் பையை நம்பிய கிளப்புக்கு நேர்ந்த கதி என்ன? 1885-ல் சம்பளம் கொடுத்து ஆட வைப்பது சட்டபூர்வமாயிற்று. உடனே பணமே ராஜாவாயிற்று. 1888-ல் 12 கிளப்புகளைச் சேர்த்து லீக் தொடங்கியபோது, அதே ஊரின் பணவசதி படைத்த ரோவர்ஸ் கிளப்புக்கு இடம் கிடைத்தது. கோப்பை வென்ற ஒலிம்பிக்குக்குக் கிடைக்கவில்லை. 1889-ல் அது கலைந்தே போயிற்று. கல்கத்தாவில் மோகன் பகான் பிறந்த அதே 1889!

"அது பழைய காலம்" என்பார்கள். சரி, நமது காலத்துக்கே வருவோம். 1996-97-ல் முதல் தேசிய லீக்கை வென்றது பஞ்சாபின் ஜே.சி.டி. ஆலை அணி. 2011-ல் கம்பெனி அந்த அணியைக் கலைத்தது. அதற்கு முந்திய வருஷமே மகீந்திரா யுனைடெட்டும் மறைந்துவிட்டது. லாபக் கணக்கில் பந்து ஒரு வரி. வரியை அடித்துவிட்டால் கிளப் போச்சு.

2010 டிசம்பரில் அகில இந்தியக் கால்பந்து சம்மேளனம், ரிலையன்சும் ஐ.எம்.ஜி.யும் சேர்ந்த கூட்டுக்கு 15 வருஷத்துக்கு 700 கோடி ரூபாய்க்கு வர்த்தக உரிமைகளை எழுதிக் கொடுத்தது. 2014-ல் சூப்பர் லீக் வந்தது. பணம் கட்டினால் அணி! 2020-ல் வெறுங்கால் வீரர்களின் மோகன் பகானுடைய கால்பந்துப் பிரிவில் 80 சதவீதப் பங்கு ஒரு முதலாளிக் குழுமத்தின் கைக்குப் போயிற்று. பெயருக்கு முன்னால் கம்பெனி அணியின் பெயரையும் ஒட்டினார்கள். ரசிகர்கள் விட்டார்களா? போராடினார்கள். 2023-ல் அந்த ஒட்டு உரிந்து விழுந்தது. ஒப்பந்தக் காலம் முடிகிற தறுவாயில், 2025 ஜூலையில், லீக்கையே நிறுத்திவைப்பதாக அறிவித்தார்கள். சில கிளப்புகள் ஆட்டக்காரர்களின் சம்பளத்தை நிறுத்தின. "நல்ல கம்பெனியாகப் பிடியுங்கள்" என்கிற கனவான்கள் இதற்கு என்ன பதில் வைத்திருக்கிறார்கள்?

இப்போது 70 கொண்டை ஊசி வளைவு ஏறிக் கொல்லிமலைக்கு வருவோம். திண்ணனூர் நாட்டுப் பிள்ளைகளிடம் கால் பலம் இல்லையா, மூச்சுப் பலம் இல்லையா? மிளகுக் கொடிக்கு மரம் ஏறி, மரவள்ளி மூட்டை சுமந்து வளர்ந்த உடம்பு. இல்லாதது சமதரை. மலையில் சமதரை என்றால் அது வயல், அல்லது வெளியூர்ப் பணக்காரர் வேலி போட்ட எஸ்டேட், அல்லது காட்டிலாகா எல்லை. இதே கொல்லிமலையிலிருந்துதான் மேட்டூர் அலுமினிய ஆலைக்கு பாக்சைட் வெட்டி இறக்கினார்கள். அப்போது நிலம் கிடைத்தது. பந்துக்கு மட்டும் கிடைக்காதா?

முழு அளவு மைதானம் 105 மீட்டர் நீளம், 68 மீட்டர் அகலம். கணக்குப் போட்டால் ஒன்றே முக்கால் ஏக்கருக்குச் சற்று அதிகம். ஒரு ஹெக்டேருக்கும் குறைவு. 2006-ம் வருஷத்து வன உரிமைச் சட்டம் 3(2) பிரிவைப் புரட்டிப் பாருங்கள். கிராமசபை சிபாரிசு செய்தால், இடத்துக்கு ஒரு ஹெக்டேருக்குக் குறைவாகக் காட்டு நிலத்தைப் பொதுக் காரியத்துக்கு விடலாம். பள்ளிக்கூடம், ஆஸ்பத்திரி, ரேஷன் கடை, ரோடு, சமுதாயக் கூடம் என்று 13 இனங்கள் இருக்கின்றன. விளையாட்டு மைதானம் இல்லை! சட்டம் எழுதியவர்களுக்கு ஆதிவாசிப் பிள்ளை பள்ளிக்கூடம் போவான் என்று தோன்றியது. ஆடுவான் என்று தோன்றவில்லை.

ஆகவே அந்தப் பட்டியலில் 14-வது இனமாக மைதானத்தைச் சேர்க்க வேண்டும் என்று கேட்கிறோம். அதுவரை, மலைப் பள்ளிக்கூடம் எதற்கு இடம் ஒதுக்கினாலும் மைதானத்தையும் சேர்த்தே அளக்க வேண்டும். கொல்லிமலையின் 14 ஊராட்சிகளிலும் புறம்போக்கு எங்கே, எவ்வளவு, யார் கையில் இருக்கிறது என்ற கணக்கை அதிகாரிகள் கிராமசபையில் படிக்க வேண்டும். மைதானம் ஊராட்சியின் பெயரில் இருக்கட்டும்; கிளப் ஆடுகிறவர்களின் கையில் இருக்கட்டும்; சந்தா எட்டணாவானாலும் அவர்களே போடட்டும், கணக்கை அவர்களே எழுதட்டும். பனியன் வாங்கித் தர ஆசைப்படுகிற கம்பெனிக்காரர் தாராளமாக வாங்கித் தரலாம். பெயர்ப் பலகையில் மட்டும் அவருக்கு இடமில்லை.

திண்ணனூர் நாட்டு வாலிபர்கள் அடுத்த கிராமசபைக் கூட்டத்துக்குத் தீர்மானத்தை எழுதிக்கொண்டே போகட்டும். மற்ற நாடுகளிலிருந்தும் எழுதுங்கள், தோழர்களே.