கண்ணால் கண்டதும் பொய்யாகலாம்

'கண்ணால் காண்பதும் பொய், காதால் கேட்பதும் பொய், தீர விசாரிப்பதே மெய்' என்பது நம் பாட்டிமார் அடிக்கடி சொல்லும் பழமொழி. காதால் கேட்பது பொய்யாகலாம். கண்ணால் கண்டது எப்படிப் பொய்யாகும் என்றுதான் சென்ற ஆண்டு வரை நாங்கள் எண்ணியிருந்தோம்.

சென்ற ஆண்டு எங்கள் வகுப்பில் சுற்றுலாவுக்குச் சேர்த்த பணம் உறையோடு காணாமற்போயிற்று. மதிய இடைவேளையில் ஒரு மாணவி தனியாக வகுப்புக்குள் நுழைந்ததை, மைதானத்தில் நின்ற எங்களில் ஐவர் பார்த்திருந்தோம். ஒருத்தி ஒரு தோழியின் பெயரைச் சொன்னாள். "ஆமாம், அவள்தான்" என்றோம் மற்ற நால்வரும். சத்தியம் செய்யவும் தயாராக இருந்தோம். அன்று மாலை அந்தத் தோழி தாம்பரம் ஸ்டேஷனில் அழுதுகொண்டே ரயிலேறினாள். மூன்றாம் நாள், ஆசிரியைகள் அறை அலமாரியில், ரெக்கார்டு நோட்டுகளுக்கிடையே உறை கிடைத்தது. வகுப்புக்குள் சென்றவளோ வேறொருத்தி; தண்ணீர் பாட்டிலை எடுக்கப் போனவள்.

"பிள்ளைகளே, முகத்தைப் பார்த்தீர்களா?" என்று சிஸ்டர் கேட்டார்கள். நாங்கள் பார்த்தது சீருடையையும், மடித்துக் கட்டிய இரட்டைப் பின்னலையும்தான். பெயரைக் கேட்ட பிறகே முகம் எங்கள் நினைவில் வந்து ஒட்டிக்கொண்டது. நாங்கள் பொய் சொல்லவில்லை. ஆனால் நாங்கள் சொன்னது உண்மையுமில்லை. ஐந்து சாட்சிகளாகத் தோன்றியது ஒரே சாட்சியின் எதிரொலியே.

இதே தவறு குற்ற வழக்கில் நேர்ந்தால் என்ன ஆகும்? 1984-ல் அமெரிக்காவின் வட கரோலினா மாநிலத்தில், வீடு புகுந்து தன்னைத் தாக்கியவனின் முகத்தை ஒரு கல்லூரி மாணவி உற்று நோக்கி மனத்தில் பதித்துக்கொண்டார். பின்னர் ரொனால்ட் காட்டன் என்பவரை அடையாளம் காட்டினார். அவருக்கு ஆயுள் தண்டனை கிடைத்தது. 1995-ல் மரபணுச் சோதனை, குற்றவாளி வேறொருவன் என்று நிரூபித்தது. அதற்குள் பத்து ஆண்டுகளுக்கு மேல் சிறையில் கழிந்துவிட்டன. அந்தப் பெண்ணும் பொய் சொன்னவர் அல்லர்.

ஏன் இப்படி நேர்கிறது? 1974-ல் எலிசபெத் லாஃப்டஸ் என்ற உளவியல் அறிஞர், கார்கள் மோதும் படம் ஒன்றை மாணவர்களுக்குக் காட்டினார். சிலரிடம் 'கார்கள் மோதியபோது என்ன வேகம்?' என்றும், சிலரிடம் 'நொறுங்க மோதியபோது என்ன வேகம்?' என்றும் கேட்டார். ஒரு வாரம் கழித்து, 'உடைந்த கண்ணாடியைப் பார்த்தீர்களா?' என்று கேட்டபோது, முதல் பிரிவில் 50 பேரில் 7 பேரும், இரண்டாம் பிரிவில் 50 பேரில் 16 பேரும் 'ஆம்' என்றனர். படத்தில் உடைந்த கண்ணாடியே இல்லை! கேள்வியில் ஒரு சொல் மாறியதும் நினைவும் மாறிவிட்டது. நினைவு என்பது புகைப்படம் அன்று. பிறர் சொல்லும் அதில் கலந்துவிடுகிறது.

அப்படியானால் கண்கண்ட சாட்சியே வேண்டாமா? அப்படிச் சொல்வதும் அநியாயம். காமிரா இல்லாத சந்தில் அடிபட்ட ஏழைக்கு அக்கம்பக்கத்தார் சொல்லை விட்டால் வேறு துணை ஏது? 1957-ல் நம் மாநிலத்துக் கொலை வழக்கொன்றில், வடிவேலு தேவர் வழக்கு என்பது அதன் பெயர், ஒரே சாட்சியின் சொல்லை ஏற்று உச்ச நீதிமன்றம் தண்டனையை உறுதி செய்தது. சாட்சிகளை எண்ணிப் பார்ப்பதல்ல, எடை போட்டுப் பார்ப்பதே முறை என்று அத்தீர்ப்பு விளக்கியது. முற்றிலும் நம்பத்தக்க சாட்சி, முற்றிலும் நம்பத்தகாத சாட்சி, இரண்டுக்கும் இடைப்பட்ட சாட்சி என மூவகையாகவும் பிரித்தது. இடைப்பட்ட சாட்சியாயின் வேறு ஆதாரமும் தேட வேண்டும். எங்கள் ஐவரை நீதிபதி எண்ணியிருந்தால் ஐந்து. எடை போட்டிருந்தால் ஒன்றுமில்லை.

எடை போடுவது எப்படி? விவிலியத்தில் தானியேல் ஆகமம் 13-ஆம் அதிகாரம் வழி காட்டுகிறது. சூசன்னா மீது இரு முதியவர்கள் பழி சுமத்தினர். ஊரே நம்பியது. இளைஞர் தானியேல் இருவரையும் பிரித்து, எந்த மரத்தடியில் கண்டீர்கள் என்று தனித்தனியே கேட்டார். ஆளுக்கொரு மரத்தைச் சொல்லி அகப்பட்டுக்கொண்டனர். அவர்கள் வேண்டுமென்றே பொய் சொன்னவர்கள். நாங்கள் அறியாமல் தவறியவர்கள். ஆனால் இரண்டுக்கும் மருந்து ஒன்றே.

ஆகவே, சாட்சிகளைப் பேசவிட்டுக் கலக்காமல் தனித்தனியே விசாரிக்க வேண்டும். பெயரை முன்கூட்டிச் சொல்லாமல் 'என்ன கண்டாய்?' என்று கேட்க வேண்டும். அடையாள அணிவகுப்பைக் காலம் கடத்தாமல், சந்தேக நபரின் படம் செய்தித்தாளில் வருமுன் நடத்த வேண்டும். எத்தனை தூரம், எவ்வளவு வெளிச்சம், எத்தனை நொடி என்று கேட்க வேண்டும். இவை காவல்துறையினருக்கும் நீதிபதிகளுக்கும் மட்டும் உரியவை அல்ல. வீட்டில் பெற்றோருக்கும், வகுப்பில் லீடருக்கும் உரியவையே.

பொய்ச்சாட்சியை விலக்கும் எட்டாம் கட்டளையை நாங்கள் ஞானோபதேச வகுப்பில் மனப்பாடம் செய்தவர்கள். பொய் சொல்லாதிருந்தால் போதும் என்று எண்ணினோம். போதாது. நிச்சயமில்லாததை நிச்சயம் என்று சொல்லாதிருப்பதும் அக்கட்டளையில் அடங்கும். நாங்கள் ஐவரும் அந்தத் தோழியிடம் மன்னிப்புக் கேட்டோம். அவள் மன்னித்தாள், ஆனால் அந்த மூன்று நாட்களைத் திருப்பித் தர எங்களால் இயலவில்லை. 'பார்த்தேன்' என்று சொல்லுமுன், 'எதைப் பார்த்தேன்?' என்று நம்மை நாமே கேட்டுக்கொள்வோமாக.

பத்தாம் வகுப்பு, 'ஆ' பிரிவு